பெட்டி அருகே உட்கார்ந்த நாய் என்ன சொல்கிறது?

நீண்ட விமானப் பயணம் முடிந்து அமெரிக்காவின் லாஸ் ஏஞ்சலிஸ் விமான நிலையத்தில் இறங்குகிறீர்கள் என்று வைத்துக்கொள்வோம். அங்கே படிக்கும் அக்காவைப் பார்க்கப் போகிறீர்கள். புறப்படும் நேரத்தில் அம்மா, வீட்டு வாசலில் நிற்கும் மரத்திலிருந்து நான்கு கொத்து கறிவேப்பிலையைப் பறித்து, பிளாஸ்டிக் பையில் சுற்றி, துணிமணிகளுக்கு நடுவே வைத்துவிட்டார். உங்களுக்கு அது நினைவிலேயே இல்லை.

பெட்டியை எடுத்துக்கொண்டு வரிசையில் நிற்கிறீர்கள். தொங்கும் காதுகளுடன் ஒரு சிறிய நாய், அதிகாரி ஒருவருடன் வரிசையோரமாக வருகிறது. பெட்டிகளை ஒவ்வொன்றாக முகர்ந்துகொண்டே நடக்கிறது. உங்கள் பெட்டி வந்ததும் நின்று, திரும்பி, மறுபடி முகர்ந்து, பக்கத்திலேயே உட்கார்ந்துவிடுகிறது. குரைக்கவில்லை. பெட்டியைப் பிறாண்டவில்லை. உட்கார்ந்து அதிகாரியின் முகத்தை நிமிர்ந்து பார்க்கிறது, அவ்வளவுதான்.

சுற்றியிருப்பவர்கள் எல்லாரும் உங்களைப் பார்க்கிறார்கள். வயிற்றில் ஏதோ புரள்கிறது. அந்த நாய் உண்மையில் என்ன சொன்னது? “இவர் குற்றவாளி” என்றா? “இந்தப் பெட்டியில் கறிவேப்பிலை இருக்கிறது” என்றா? அல்லது வேறு எதையாவதா?

மாணவர்களே, விமான நிலையங்களில் நாய்களைப் பார்க்கும்போது பலருக்கும் வியப்பு ஏற்படுகிறது. சிலருக்குப் பயமும் வருகிறது. ஆனால் ஒரு விஞ்ஞானியின் கேள்வி வேறு: இந்த மூக்கை எந்த அளவுக்கு நம்பலாம்? வாருங்கள், விடையைத் தேடுவோம்.

கறிவேப்பிலைக்கு ஏன் இவ்வளவு கெடுபிடி?

முதலில் அந்தக் கொத்து இலையைக் கவனிப்போம். கறிவேப்பிலை, எலுமிச்சை, ஆரஞ்சு எல்லாம் ஒரே தாவரக் குடும்பத்தைச் சேர்ந்தவை. அதனால் எலுமிச்சை இனச் செடிகளில் சாறு உறிஞ்சி வாழும் ஒரு பூச்சி, கறிவேப்பிலையிலும் சுகமாகக் குடியிருக்கும். அதன் பெயர் ஆசிய சைலிட். நீளம் 3 அல்லது 4 மில்லிமீட்டர்தான். அது இலையில் இடும் முட்டைகள் நம் கண்ணுக்கு எளிதில் தென்படா.

இந்தப் பூச்சி ஒரு பாக்டீரியாவைச் செடிக்குச் செடி கொண்டு செல்கிறது. அந்தப் பாக்டீரியா தாக்கிய ஆரஞ்சு மரத்தில் பழங்கள் கோணலாக, பச்சை மாறாமல், கசப்பாகப் போய்விடும். சில ஆண்டுகளில் மரமே பட்டுப்போகும். இந்த நோயை முழுமையாகக் குணப்படுத்தும் மருந்து இல்லை. அமெரிக்காவின் புளோரிடா மாநிலத்தில் 1998ஆம் ஆண்டு இந்தப் பூச்சியும், 2005ஆம் ஆண்டு இந்த நோயும் கண்டறியப்பட்டன. அதன் பிறகு நோயும் சூறாவளிகளும் சேர்ந்து தாக்கியதில், அங்கே ஆரஞ்சு விளைச்சல் பழைய அளவில் பத்தில் ஒரு பங்குக்கும் கீழே சரிந்துவிட்டது.

அம்மா வைத்த நான்கு கொத்துக்குப் பின்னால் இவ்வளவு பெரிய கதை இருக்கிறது. இறைச்சிக்கும் இப்படியொரு கதை உண்டு. ஆப்பிரிக்கப் பன்றிக் காய்ச்சல் மனிதர்களைத் தொற்றாது. ஆனால் பன்றிகளைக் கூட்டம் கூட்டமாகக் கொல்லும். அந்தக் கிருமி சமைக்காத, சரியாகப் பதப்படுத்தாத இறைச்சியில் பல நாள் உயிர்ப்புடன் இருக்கும். 2018இல் சீனாவில் பரவத் தொடங்கிய இந்நோய், 2021இல் நம் நாட்டின் சபா மாநிலத்திலும் கண்டறியப்பட்டது. அதே 2018ஆம் ஆண்டு அக்டோபரில், அட்லாண்டா விமான நிலையத்தில் ‘ஹார்டி’ என்ற பீகிள் நாய் ஒரு பெட்டியருகே அமர்ந்தது. திறந்து பார்த்தபோது உள்ளே இருந்தது வறுத்த பன்றித் தலை! எக்குவடோரிலிருந்து வந்த பயணி ஒருவர் அதைக் கொண்டுவந்திருந்தார்.

விமான நிலையங்களில் உணவுப் பொருள்களை மோப்பம் பிடிக்கப் பீகிள் நாய்களைப் பயன்படுத்தும் திட்டத்தை அமெரிக்க வேளாண் துறை 1984இல் லாஸ் ஏஞ்சலிஸ் விமான நிலையத்தில்தான் தொடங்கியது. ஏன் பீகிள்? அது சிறியது. சாந்தமானது. கூட்டத்தைக் கண்டு மிரளாது. குழந்தைகளும் அதைக் கண்டு மிரளமாட்டார்கள். சாப்பாடு என்றால் அதற்கு உயிர். அப்படிப்பட்ட நாய்க்குச் சிறு தின்பண்டமே பெரிய சம்பளம்.

மூச்சு வேறு, முகர்வது வேறு

இனி மூக்குக்குள் நுழைவோம். நாம் மூச்சு விடுவதும் முகர்வதும் ஒரே பாதையில்தான். நாய் முகரும்போது உள்ளே போகும் காற்று இரண்டாகப் பிரிகிறது. பெரும்பகுதி நேராக நுரையீரலுக்குப் போய்விடும். ஏறக்குறைய எட்டில் ஒரு பங்கு மட்டும் மூக்கின் பின்பகுதியில் உள்ள தனி அறைக்குள் செல்லும். அந்த அறை முழுவதும் சுருள் சுருளாக மடிந்த மெல்லிய எலும்புகள். அவற்றின் மீது மணத்தை உணரும் செல்கள் படர்ந்திருக்கின்றன. ஒரு பெரிய போர்வையை மடித்து மடித்துச் சின்னப் பெட்டிக்குள் திணித்ததுபோல, குறுகிய இடத்தில் மிகப் பெரிய பரப்பளவு அங்கே அடங்கியிருக்கிறது.

மனித மூக்கில் மணத்தை உணரும் செல்கள் சுமார் 50 லட்சம் முதல் 60 லட்சம் வரை. நாயின் மூக்கில் இனத்தைப் பொறுத்து 10 கோடி முதல் 30 கோடி வரை. எண்ணிக்கை மட்டுமல்ல, வகையும் கூடுதல். மணங்களை அடையாளம் காணும் ஏற்பிகளை உருவாக்க நம்மிடம் வேலை செய்யும் மரபணுக்கள் சுமார் 400. நாயிடம் ஏறக்குறைய 800.

இன்னொரு நுட்பமும் உண்டு. நாயின் மூக்குத் துவாரத்தின் இரு பக்கங்களிலும் சிறு பிளவைப் பார்த்திருப்பீர்கள். முகரும்போது காற்று முன்பக்கத் துவாரம் வழியாக உள்ளே போகிறது. வெளிவிடும்போது பக்கப் பிளவு வழியாகப் பின்னோக்கிப் பாய்கிறது. இதனால் வெளியேறும் காற்று, முன்னால் இருக்கும் மணத்தைக் கலைப்பதில்லை. அதுமட்டுமல்ல, புதிய காற்றை மூக்கை நோக்கி இழுத்தும் வருகிறது. இந்தச் செயல் ஒரு விநாடிக்கு ஏறக்குறைய ஐந்து முறை நடக்கிறது.

இந்தக் கருவிக்கும் ஓர் எல்லை உண்டு. வெப்பத்தால் மூச்சிரைக்கும் நாயால் ஒழுங்காக முகர முடியாது. உடலைக் குளிர்விப்பதா, மணம் பிடிப்பதா என்றால் உடல் முதலாவதைத்தான் தேர்ந்தெடுக்கும். அதனால்தான் மோப்ப நாய்கள் நாள் முழுவதும் இடைவிடாமல் வேலை செய்வதில்லை. சிறிது நேரம் வேலை, பிறகு ஓய்வு, தண்ணீர், மறுபடி வேலை.

நாய்க்குச் சட்டம் தெரியாது

இவ்வளவு கூர்மையான மூக்குக்கு எதைக் கற்றுக்கொடுக்கிறோம்? அமெரிக்க வேளாண் துறையின் பயிற்சி மையத்தில் நாய்க்கு முதலில் ஐந்து மணங்களைப் பழக்குவார்கள்: ஆப்பிள், மாம்பழம், எலுமிச்சை இனம், பன்றி இறைச்சி, மாட்டிறைச்சி. பெட்டிகளின் வரிசையில் ஒன்றில் மட்டும் அந்த மணம் இருக்கும். அதன் அருகே உட்கார்ந்தால் தின்பண்டம் கிடைக்கும். மற்றப் பெட்டியருகே உட்கார்ந்தால் ஒன்றும் கிடையாது. இதைத் திரும்பத் திரும்பச் செய்யும்போது நாய் ஒரே ஒரு விதியைக் கற்றுக்கொள்கிறது: “இந்த மணம் வந்தால் உட்கார், தின்பண்டம் வரும்.”

அந்த விதியில் ‘குற்றம்’ என்ற சொல் எங்கும் இல்லை என்பதைக் கவனியுங்கள். இதை நன்றாகப் புரிந்துகொள்ள, நம் நாட்டுக்கு வந்துபோன இரண்டு நாய்களின் கதை உதவும்.

லக்கி, ஃபுலோ என்ற இரண்டு கறுப்பு லாப்ரடார் நாய்களுக்கு வட அயர்லாந்தில் வித்தியாசமான பயிற்சி கொடுக்கப்பட்டது. அவை தேட வேண்டியது போதைப்பொருளும் அல்ல, வெடிமருந்தும் அல்ல; திரைப்பட வட்டுகள்! குறுந்தட்டு, டிவிடி ஆகியவை பாலிகார்பனேட் என்ற நெகிழியால் ஆனவை. அந்த நெகிழியின் மணத்தை நாய்கள் கற்றுக்கொண்டன. 2006 மே மாதம் இங்கிலாந்தின் ஸ்டேன்ஸ்டட் விமான நிலையத்தில் உள்ள பொதி நிலையத்தில் அவற்றைச் சோதித்துப் பார்த்தார்கள். டிவிடி இருந்த பொதிகளை நாய்கள் சரியாகவே காட்டின. ஆனால் அன்று அவை காட்டிய பொதிகளில் இருந்தவை எல்லாம் முறைப்படி அனுப்பப்பட்ட அசல் வட்டுகள்!

நாய்கள் தவறு செய்தனவா? இல்லவே இல்லை. அசலும் பாலிகார்பனேட்தான், போலியும் பாலிகார்பனேட்தான். மணம் ஒன்றே. எது அசல், எது திருட்டு என்று பிரித்துப் பார்ப்பது மனிதனின் வேலை.

அடுத்த ஆண்டு, 2007 மார்ச்சில், இரண்டும் மலேசியாவுக்கு வந்தன. உள்நாட்டு வாணிப, பயனீட்டாளர் விவகார அமைச்சின் அதிகாரிகளுடன் சோதனைகளுக்குச் சென்றன. ஜொகூர் பாருவில் நடந்த சோதனையில் ஏறக்குறைய பத்து லட்சம் திருட்டு வட்டுகள் சிக்கின. ஆத்திரமடைந்த திருட்டு வட்டுக் கும்பல்கள் நாய்களின் தலைக்கு விலை வைத்ததாகச் செய்தி வந்து, அவற்றுக்குப் பாதுகாப்பு ஏற்பாடு செய்ய வேண்டியதாயிற்று.

ஸ்டேன்ஸ்டட்டிலும் ஜொகூர் பாருவிலும் நாய்கள் செய்தது ஒரே வேலைதான். முதல் இடத்தில் யாரும் குற்றவாளி இல்லை. இரண்டாம் இடத்தில் கைதுகள் நடந்தன. வேறுபாட்டைக் கண்டுபிடித்தது மூக்கு அல்ல. அதன் பிறகு நடந்த விசாரணை.

கயிற்றின் மறுமுனை

சரி, மணம் இருந்தால் நாய் காட்டும். மணமே இல்லாதபோது காட்டுமா?

இந்தக் கேள்வி நூறு ஆண்டுகளுக்கும் மேல் பழையது. 1900களின் தொடக்கத்தில் பெர்லினில் ஹான்ஸ் என்றொரு குதிரை இருந்தது. “மூன்றும் நான்கும் எவ்வளவு?” என்று கேட்டால் காலால் ஏழு முறை தட்டும். மக்கள் அசந்துபோனார்கள். ஆஸ்கர் ஃபுங்ஸ்ட் என்ற உளவியல் ஆய்வாளர் ஒரு சிறு மாற்றம் செய்தார். கேள்வி கேட்பவருக்கே விடை தெரியாதபடி செய்தார். அவ்வளவுதான், குதிரைக்கும் விடை தெரியாமல் போயிற்று! ஹான்ஸ் கணக்குப் போடவில்லை. சரியான எண் வந்ததும் கேட்பவரின் தலையிலும் முகத்திலும் ஏற்பட்ட மிகச் சிறிய அசைவைக் கவனித்துத் தட்டுவதை நிறுத்தியிருக்கிறது. கேட்டவர் ஏமாற்றவில்லை. தாம் அசைவது அவருக்கே தெரியாது.

மோப்ப நாய்களிடமும் இப்படி நடக்குமா? 2011ஆம் ஆண்டு கலிபோர்னியப் பல்கலைக்கழகத்தின் டேவிஸ் வளாகத்து ஆய்வாளர்கள் ஒரு சோதனையை வெளியிட்டார்கள். போதைப்பொருள், வெடிமருந்து தேடும் 18 நாய்களும் அவற்றைக் கையாளும் அதிகாரிகளும் பங்கேற்றார்கள். ஒரு தேவாலயக் கட்டடத்தின் அறைகளில் மணம் மறைத்து வைக்கப்பட்டிருக்கலாம் என்று அதிகாரிகளிடம் சொல்லப்பட்டது. சில இடங்களில் அடையாளமாகச் சிவப்புத் தாளும் ஒட்டப்பட்டிருந்தது. உண்மையில் எந்த அறையிலும் எந்தப் பொருளும் வைக்கப்படவில்லை.

ஆக, சரியான விடை: எங்கும் ஒன்றுமில்லை. ஆனால் 144 தேடல்களில் 21 மட்டுமே அப்படி முடிந்தன. மொத்தம் 225 முறை “நாய் காட்டியது” என்று அதிகாரிகள் சொன்னார்கள். அதிகாரிகள் எதிர்பார்த்த இடங்களில், அதாவது சிவப்புத் தாள் இருந்த இடங்களில், இப்படிச் சொல்வது கூடுதலாக இருந்தது. அதிகாரியின் உடல்மொழியைப் பார்த்து நாய் உட்கார்ந்ததா, நாய் சும்மா நின்றதை அதிகாரி ‘காட்டியது’ என்று எடுத்துக்கொண்டாரா என்பதை இந்தச் சோதனையால் பிரித்துச் சொல்ல முடியாது. ஆனால் ஒன்று தெளிவாயிற்று. கருவி என்பது நாய் மட்டுமல்ல. கயிற்றின் ஒரு முனையில் நாய், மறுமுனையில் மனிதன், இரண்டும் சேர்ந்ததுதான் கருவி.

இதற்கு அறிவியலில் ஒரு மருந்து உண்டு. அதை ‘இருபக்க மறைப்புச் சோதனை’ எனலாம். மணம் எங்கே இருக்கிறது என்பது நாய்க்கும் தெரியக்கூடாது, அதைக் கையாளுபவருக்கும் தெரியக்கூடாது, பக்கத்தில் நின்று பார்ப்பவருக்கும் தெரியக்கூடாது. புதிய மருந்துகளைச் சோதிப்பதும் இதே முறையில்தான். மாத்திரை உண்மையானதா, வெறும் மாவா என்பது நோயாளிக்கும் தெரியாது, கொடுக்கும் மருத்துவருக்கும் தெரியாது.

ஹெல்சிங்கியில் ஒரு பரீட்சை

இந்த முறையை விமான நிலையத்திலேயே செய்து பார்த்தவர்கள் பின்லாந்துக்காரர்கள். கோவிட்-19 காலத்தில், 2020 செப்டம்பரில், ஹெல்சிங்கி விமான நிலையத்தில் மோப்ப நாய்கள் வேலைக்கு வந்தன. கிருமிக்கென்று தனியாக மணம் தேவையில்லை. தொற்று ஏற்பட்டால் உடலில் நடக்கும் வேதி மாற்றங்கள் வியர்வையின் மணத்தையும் சற்றே மாற்றும் என்பதுதான் அடிப்படை. அந்த நாய்களில் ஒன்றின் பெயர் கோஸி. ஸ்பெயினிலிருந்து மீட்டுவரப்பட்ட, எட்டு வயதான கலப்பின நாய். அது ஏழே நிமிடங்களில் மணத்தைக் கற்றுக்கொண்டது என்று பயிற்சி அளித்தவர்கள் வியந்தார்கள்.

பயணியை நாய் நெருங்கவே இல்லை. விருப்பப்பட்ட பயணி ஒரு துணியால் கழுத்தைத் துடைத்துக் கொடுப்பார். தடுப்புக்கு அப்பால் அந்தத் துணியை மற்ற மாதிரிகளுடன் வைப்பார்கள். நாய் முகர்ந்து பார்க்கும். ஒரு நிமிடத்துக்குள் முடிவு தெரிந்துவிடும். நாயைக் கண்டால் பயப்படுபவர்கள், நாய் முடி ஒவ்வாதவர்கள், சமயக் காரணத்தால் நாயைத் தொடாதவர்கள் என எல்லாருக்கும் இது ஏற்றதாக இருந்தது. துபாய் விமான நிலையத்திலும் அதே ஆண்டு, அக்குளில் எடுத்த வியர்வை மாதிரியை மட்டும் நாயிடம் கொடுக்கும் முறையைப் பின்பற்றினார்கள்.

ஹெல்சிங்கிப் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2022இல் முடிவுகளை வெளியிட்டார்கள். முதல் கட்டத்தில் 420 பேரின் மாதிரிகள். அவர்களில் 114 பேருக்குத் தொற்று இருப்பது பிசிஆர் பரிசோதனையில் உறுதியாகியிருந்தது. தொற்று உள்ளவர்களில் 92 விழுக்காட்டினரை நாய்கள் சரியாகக் கண்டுபிடித்தன. தொற்று இல்லாதவர்களில் 91 விழுக்காட்டினரை ‘இல்லை’ என்று சரியாக விட்டுவிட்டன.

ஆனால் ‘ஆல்பா’ என்ற உருமாறிய கிருமி பரவத் தொடங்கியபோது நாய்கள் தடுமாறின. பழைய வகைத் தொற்றை 89 விழுக்காடு கண்டுபிடித்த நாய்கள், ஆல்பா வகையில் 36 விழுக்காட்டை மட்டுமே கண்டுபிடித்தன. மூக்கு மழுங்கிவிடவில்லை. தாம் கற்ற மணமும் இந்த மணமும் வேறு என்று பிரித்தறியும் அளவுக்கு அது கூர்மையாக இருந்தது! கேள்வி மாறியபோது விடையும் மாறியது. பாடத்திட்டம் மாறினால் நமக்குப் புதிய பாடநூல் தேவைப்படுவதுபோல, நாய்களுக்கும் புதிய மாதிரிகளால் மறுபயிற்சி தேவைப்பட்டது.

ஒரு கணக்குப் போடுவோமா?

92 விழுக்காடு என்றதும், “நாய் காட்டினால் 92 விழுக்காடு நிச்சயம்” என்று நினைக்கத் தோன்றும். இங்கேதான் பலரும் சறுக்குகிறார்கள். தாளும் பென்சிலும் எடுங்கள்.

ஒரு விமான நிலையத்தில் 10,000 பயணிகள் இறங்குகிறார்கள். அவர்களில் அரை விழுக்காட்டினருக்கு, அதாவது 50 பேருக்கு, தொற்று இருக்கிறது என்று கொள்வோம். மீதி 9,950 பேர் நலமானவர்கள்.

தொற்று உள்ள 50 பேரில் நாய் 92 விழுக்காட்டைக் கண்டுபிடிக்கும்: 46 பேர். நான்கு பேர் தப்பிவிடுவார்கள்.

நலமானவர்களில் 91 விழுக்காட்டினரை நாய் சரியாக விட்டுவிடும். மீதி 9 விழுக்காட்டினரைத் தவறாகக் காட்டும்: 9,950 × 0.09 = ஏறக்குறைய 896 பேர்.

ஆக, நாய் காட்டியவர்கள் மொத்தம் 942 பேர். அவர்களில் உண்மையில் தொற்று உள்ளவர்கள் 46 பேர் மட்டுமே. அதாவது நாய் காட்டிய இருபது பேரில் ஏறக்குறைய ஒருவருக்குத்தான் தொற்று!

நாய் மோசம் என்று இதற்குப் பொருளா? இல்லை. மறுபக்கத்தையும் பாருங்கள். நாய் ‘இல்லை’ என்று விட்ட 9,000க்கும் மேற்பட்டவர்களில் தொற்று உள்ளவர்கள் வெறும் நான்கு பேர். பத்தாயிரம் பேரைச் சோதிப்பதற்குப் பதிலாக 942 பேரைச் சோதித்தால் போதும் என்று நாய் நமக்குச் சொல்லிவிட்டது. அது பெரிய உதவி. ஆனால் அந்த 942 பேரையும் நோயாளிகள் என்று முடிவு கட்டினால் அது பெரிய அநியாயம்.

அதனால்தான் ஹெல்சிங்கியில் நாய் காட்டிய பயணியை யாரும் நோயாளி என்று அறிவிக்கவில்லை. அவரைப் பிசிஆர் பரிசோதனைக்கு அனுப்பினார்கள். தேடப்படும் பொருள் அரிதாக இருக்கும்போது, நல்ல கருவியும் நிறையத் தவறான எச்சரிக்கைகளைத் தரும். இது நாய்க்கு மட்டுமல்ல, மருத்துவச் சோதனைகளுக்கும், வெடிமருந்தைக் கண்டுபிடிக்கும் இயந்திரங்களுக்கும், முகத்தை அடையாளம் காணும் கணினிகளுக்கும் பொருந்தும் விதி.

இயந்திரம் நாயாக முடியுமா?

அப்படியானால் நாய்க்குப் பதிலாக இயந்திரத்தையே வைத்துவிடலாமே என்று நீங்கள் கேட்கலாம். 2016இல் அமெரிக்கத் தர நிர்ணய நிறுவனத்தின் ஆய்வாளர்கள் லாப்ரடார் நாய் ஒன்றின் மூக்கை முப்பரிமாண அச்சு முறையில் செய்து பார்த்தார்கள். நாயைப்போலவே உள்ளிழுத்து, வெளிவிட்டு, மீண்டும் உள்ளிழுக்கும்படி அதை அமைத்தார்கள். பிறகு அந்த உத்தியை, கடைகளில் கிடைக்கும் ஒரு வெடிமருந்துச் சோதனைக் கருவியில் பொருத்தினார்கள். தொடர்ச்சியாகக் காற்றை உறிஞ்சிக்கொண்டிருந்த பழைய முறையைவிட, 4 சென்டிமீட்டர் தூரத்தில் அதன் திறன் 16 மடங்கு கூடியது.

இயந்திரம் நாயிடமிருந்து பாடம் கற்றுக்கொண்டிருக்கிறது. ஆனாலும் கூட்டத்துக்குள் தானே நடந்து, காற்றில் மிதந்து வரும் மணத்தைத் தொடர்ந்து சென்று, “இதோ, இந்தப் பெட்டி” என்று காட்டுவதில் நாய்தான் இன்னும் முன்னே நிற்கிறது.

தொடலாமா, கூடாதா?

விமான நிலையத்தில் வேறொரு வகை நாயையும் நீங்கள் பார்க்க நேரலாம். 2001 செப்டம்பர் தாக்குதலுக்குப் பிறகு பயணிகள் பதற்றத்தில் இருந்தபோது, கலிபோர்னியாவின் சான் ஹோசே விமான நிலையத்துக்கு ஒரு நாயை அழைத்துவந்தார்கள். அது எதையும் தேடவில்லை. பயணிகள் தடவிக்கொடுக்க, அமைதியாக அவர்கள் அருகே இருந்தது. 2013இல் லாஸ் ஏஞ்சலிஸ், 2024இல் இஸ்தான்புல் எனப் பல விமான நிலையங்கள் அந்த வழியைப் பின்பற்றின.

இரண்டையும் குழப்பிக்கொள்ளாதீர்கள். ஆறுதல் தரும் நாயின் மேலங்கியில் “என்னைத் தடவிக்கொடுங்கள்” என்ற பொருளில் எழுதியிருக்கும். அப்போதும் உடன் வருபவரிடம் கேட்டுவிட்டுத் தொடுங்கள். மோப்ப நாயைத் தொடவோ, கூப்பிடவோ, அதற்குத் தின்பண்டம் நீட்டவோ கூடாது. அது பரீட்சை எழுதிக்கொண்டிருக்கிறது. நீங்கள் கொடுக்கும் ஒரு பிஸ்கட், “மணம் இல்லாவிட்டாலும் பரிசு கிடைக்கும்” என்று அதற்குத் தவறான பாடத்தைக் கற்றுக்கொடுத்துவிடும்.

இப்போது மறுபடி லாஸ் ஏஞ்சலிஸ் வரிசைக்கு வருவோம். நாய் இன்னும் உங்கள் பெட்டியருகே உட்கார்ந்திருக்கிறது. அது சொன்னது இவ்வளவுதான்: “நான் கற்ற மணங்களில் ஒன்றைப் போன்ற மணம் இங்கிருந்து வருகிறது.” அது இலையாக இருக்கலாம். காலையில் சாப்பிட்ட ஆரஞ்சின் தோலாக இருக்கலாம். பழம் எடுத்துப்போய்த் தீர்ந்த பிறகும் பையில் தங்கிய வாசனையாகவும் இருக்கலாம். விடை பெட்டியைத் திறந்த பிறகுதான் தெரியும்.

அதனால் பதற வேண்டாம். மறைக்கவும் வேண்டாம். உணவு, செடி, விதை எதையும் விடாமல் அதிகாரியிடம் தெரிவித்திருந்தால், பொருளை எடுத்துக்கொண்டு உங்களை அனுப்பிவிடுவார்கள். தெரிவிக்காமல் விட்டிருந்தால்தான் அபராதம். புறப்படும் முன்பே அம்மாவிடம், “பெட்டியில் என்னென்ன வைத்தீர்கள், அம்மா?” என்று ஒரு வார்த்தை கேட்டுவிடுவது எல்லாவற்றிலும் எளிது.

அதிகாரி பெட்டியைத் திறக்கிறார். துணிகளுக்கு நடுவிலிருந்து கறிவேப்பிலைப் பொட்டலத்தை எடுக்கிறார். நாய்க்கு ஒரு சின்னத் தின்பண்டம் கிடைக்கிறது. அது வாலை ஆட்டிக்கொண்டு அடுத்த பெட்டிக்குப் போய்விடுகிறது. உங்களைப் பற்றி அது எந்த முடிவுக்கும் வரவில்லை. அது அதன் வேலையும் அல்ல.